படத்துக்கு வசனம் இல்லை

வீரவநல்லூரில் முந்நூற்றுப் பதினெட்டு வீட்டில்
மாதம் ஒருமுறை கேபிள் சந்தா வாங்குகிறேன்.
ராத்திரி ஏழரைக்குத் தெருவே ஒரு குரலில் அழும்.
செண்பகாதேவி வீட்டில் மட்டும் சத்தம் இருக்காது.

பள்ளிச் சான்றிதழில்தான் செண்பகாதேவி.
டைட்டிலில் முதலில் சம்யுக்தா,
அப்புறம் சம்யுக்தாஸ்ரீ,
அப்புறம் 'மற்றும் பலர்'.

பாபநாசம் படித்துறையில் எடுத்த படத்தில்
குடத்தோடு நின்று கதாநாயகனை ஏச வேண்டும்.
"திருநெல்வேலி பாஷை பத்தலம்மா" என்று
வரிக்கு ரெண்டு ஏலே போடச் சொன்னாராம் உதவி இயக்குநர்.
"முகந்தெரியாத ஆம்பளைய நாங்க அப்படிக் கூப்பிட மாட்டோம் சார்."
அதனாலோ என்னவோ
வடபழனியில் வேறு யாரோ குரல் கொடுத்தார்கள்.
அம்பாசமுத்திரம் தியேட்டரில் அவள் வாய் அசைந்தது.
"யாருல இது, இப்படிப் பேசுது" என்றான் என் பக்கத்து சீட்டுக்காரன்.

பதினோரு படம்.
லோக்கல் சேனலில் நான்தான் போடுவேன்,
ஒருநாள் கூட்டிப் பார்த்தேன்:
பத்தொன்பது நிமிஷம்,
முதுகு மட்டும் தெரிவதையும் சேர்த்து.

சீரியலில் மூத்த மருமகள், ரொம்ப நல்லவள்.
சேரன்மகாதேவி பஸ்ஸில் கண்டக்டர் ஒருவர்
டிக்கெட்டுக்குக் காசு வாங்க மாட்டேன் என்று அடம்பிடித்த காலம்.
பேட்டாவில் ஐந்நூறு கூட்டிக் கேட்டாள்.
அடுத்த புதன்கிழமை லாரி.
லாரியைக்கூடக் காட்டவில்லை. பிரேக் சத்தம்,
ரோட்டில் உருளும் ஒரு தேங்காய்.

வியாழக்கிழமையே ஹாலில் படமாகத் தொங்கினாள்,
சந்தன மாலை, சிவப்பு பல்பு.
அந்த வீட்டில் யார் அழுதாலும்
அதன் முன்னால் வந்து நின்றுதான் அழுதார்கள்.
"செத்தவளுக்கு எதுக்குத்தா மீனு" என்று சிரித்த சாளைக்காரி
நாலு மீன் கூடப் போட்டாள்.

படத்துக்குச் சம்பளம் உண்டா என்று
போனில் கேட்டிருக்கிறாள்.
"படத்துக்கு வசனம் இல்லையேம்மா" என்றாராம் மேனேஜர்.

இதைக் கேள்விப்பட்ட அன்று
எனக்கு என்ன கிறுக்கோ,
ஏழு இருபத்தெட்டுக்கு அந்தச் சேனலைப் பிடுங்கிவிட்டேன்.
ஊர் முழுக்க. கேட்டால் ஃபைபர் கட் என்று சொல்லலாம்.
முதல் போன் ஏழு முப்பத்தொன்றுக்கு.
"அண்ணாச்சி, சேனல் வரல."
அவள் குரல். அதைத்தான்
எந்தத் தியேட்டரிலும் நான் கேட்டதில்லை.

அஞ்சாந்தேதி சந்தாவுக்குப் போனபோது
கேட்காமலே நோட்டை எடுத்துக் காட்டினாள்.
கல்லிடைக்குறிச்சி அப்பளக் கம்பெனியில் கணக்கு எழுதுகிற கை,
கோடு கோடாக இருந்தது.
சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் பார்ப்பாளாம்.
தேதி, எபிசோட், எத்தனை ஷாட்டில் படம்,
எதிரே பேட்டா, பழைய ரேட்டில்.
என்றைக்காவது அனுப்புவாளா, நான் கேட்கவில்லை.
நான் பிடுங்கிய நாளுக்கு நேரே
'சேனல் இல்லை' என்று எழுதி, தொகையை அடித்திருந்தாள்.
அதற்கு அடுத்த நாள்:
'படம் கோணல். யாரும் நிமிர்த்தவில்லை.'