சேராங்கொட்டைக் குறி

ஜப்பான்காரன் போன மூன்றாம் வாரம்
அப்பா கோழிக்கூட்டடியைத் தோண்டினார்.
இஸ்திரிப் பெட்டி வெளியே வந்தது,
மூக்கில் துரு, கைப்பிடியைக் கறையான் தின்றிருந்தது.
சிரட்டைக் கரி பற்ற
அம்மா தகரப்பெட்டி வாழைமர நோட்டுகளை உள்ளே திணித்தாள்.
ஆயிரம் வெள்ளி
ஒரு காற்சட்டை மடிப்புக்குக்கூடக் காணவில்லை.

பாகான் செராய் ஸ்டேஷனுக்கு எதிரே, அஞ்சடியில் கடை.
சயாமுக்கு ஏற்றப்பட்டவர்கள்
வெளுக்கப் போட்டதை வாங்க நேரமில்லாமல் போனார்கள்.
நூற்றுப் பதினொரு உருப்படி.
கழுத்துப்பட்டை உள்ளே ஒவ்வொன்றிலும் அம்மாவின் குறி:
கோடு, புள்ளி, கொக்கி, பிறை.
எழுத்தறியாதவளின் பேரேடு.

முதல் வருஷம் தொடவில்லை.
இரண்டாம் வருஷம் அப்பா சாக்குக்குள் புகுந்தார்.
மூன்றாம் வருஷம்
நாற்பது உருப்படி மரவள்ளிக் கிழங்காயிற்று.
ஒன்றை எனக்கு வெட்டித் தைத்தாள், கழுத்தை மட்டும் வெட்டாமல்.
யாருது என்று கேட்டேன்.
சாப்பிடு என்றாள்.

நம்மாட்களுக்கு முன்னே துரைகள் திரும்பிவிட்டார்கள்.
வெள்ளைக் காற்சட்டைகள், புது வெள்ளியில் கூலி.
கடைக்குப் பலகை போட்டோம்.

பொங்கலுக்கு முந்தின செவ்வாய்க்கிழமை ஒருவர் வந்தார்.
சாக்கில் மூன்று ஓட்டை,
தலைக்கொன்று, கைகளுக்கு இரண்டு.
கணுக்காலில் வாழையிலைக் கட்டு.
பெயர் சொல்லவில்லை.
"ரெண்டு புள்ளி, நடுவுல கோடு" என்றார்.

அம்மா மூட்டையை அவிழ்த்தாள்.
அவிழ்த்துக்கொண்டே இருந்தாள்.
நான் சுவரோடு முதுகை ஒட்டி நின்றேன்.

அவர்தான் என்னைத் திருப்பினார்.
கழுத்தைப் புரட்டியபோது விரல் சில்லென்றிருந்தது.
புள்ளிகளைத் தடவிப் பார்த்தார், ஒன்று, இன்னொன்று.
"அழியல."
"அது அழியாதுங்க" என்றார் அப்பா
வாடிக்கைக்காரரிடம் பேசும் குரலில்,
பிறகு அந்தக் குரலுக்காகவே தலைகுனிந்தார்.

நான் பொத்தானை அவிழ்க்கப் போனேன்.
அவர் என் கையைத் தட்டிவிட்டார்.
சாக்கைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.
"இதப் போட்டுக் குடுங்க.
தோட்டம் தொறந்ததும் காசு."
கோவணத்தோடு அஞ்சடியில் குந்தி
ஸ்டேஷனுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார்.

சேராங்கொட்டை இல்லை.
அம்மா கரித்துண்டால் சாக்கோரத்தில்
இரண்டு புள்ளி வைத்தாள். கோடு கோணிப்போயிற்று.
அவர் பெயர் அங்கமுத்து என்று
அப்போதுதான் அவளுக்கு நினைவு வந்தது,
சத்தமாகச் சொல்லவில்லை.

துவைத்தோம். காய்ந்தது.
சாக்கை யாரும் இஸ்திரி போடுவதில்லை.
அப்பா போட்டார்,
தண்ணீர் தெளித்து, துரை சட்டைக்குப் போல
நுனி நுனியாக இழுத்துவிட்டு.

மடிப்பு நிற்கவில்லை.