மூன்று மாதத்துக்குள்

மோல்மேன் மாவட்டக் கோர்ட்டுக்கு
ரங்கூன் ஹைகோர்ட்டின் தாக்கீது:
மேல்முறையீட்டை
மூன்று மாதத்துக்குள் முடி.

இரண்டு தரம் வாசித்துவிட்டு
ஃபைலை எடுக்கப் போன கிளார்க்
கையெல்லாம் கரையான் மண்ணோடு வந்தார்.

வழக்கு ஒன்றும் பெரிதில்லை.
என் அடுப்படிக்கும்
டோ கின்யியின் கிணற்றுக்கும் நடுவே
ஆறடிச் சந்து.

ஃபைலில் நான் மா தண்டா;
வீட்டில் வீராயி.
ஃபைலில் அது காலி இடம்;
நேரில் வந்தால் பலாமரம்.
யார் துப்பிய கொட்டையோ,
முதல் வாய்தா வருஷம் முளைத்தது.
போன தடவை ஒன்பது காய்.
அந்த ஒன்பதாவதுக்குத்தான்
கொஞ்சம் சத்தம் போட்டுக்கொண்டோம்.

பதினோரு வருஷமாக
வாதியும் பிரதிவாதியும்
ஒரே சைக்காவில்தான் போகிறோம்,
முதுகோடு முதுகு ஒட்டி.
கூலி பாதிப் பாதி.
மழைக்குக் குடை அவளுடையது.

நேற்று
பின்னாலிருந்து கேட்டாள்:
"தீர்ப்பு வந்தா
மரத்தை யாரு வெட்டுறது?"

அந்த இருக்கையில்
திரும்பி முகம் பார்க்க முடியாது.
பகோடா மேடு ஏறும் வரை
சைக்காக்காரனின் மூச்சு மட்டும்
கேட்டுக்கொண்டிருந்தது.

இறங்கி, லுங்கியை இறுக்கிக்கொண்டு
அவளே சொன்னாள்:
"இப்பதான் பிஞ்சு விட்டிருக்கு.
பழுக்க நாலு மாசமாவது ஆகும்."