குறி திரும்பும் இடம்

மஸ்கெலியாவிலிருந்து ஹட்டன் போகும் ஆறு மணி பஸ்
நீர்த்தேக்கத்தின் ஓரமாய்ப் படுத்துவிட்டது.
கண்டக்டர் இறங்கிப் பீடி பற்றவைத்தான்.
பரீட்சை எட்டரைக்கு.
கணிதம், மூன்றாந்தடவை.

போன இரண்டு தடவையும் ஒரே இடத்தில்தான் சறுக்கினேன்.
ஐந்து கழித்தல் இரண்டு x
பதினொன்றைவிடப் பெரிது.
ஐந்தை அப்புறப்படுத்துவேன்,
மறை இரண்டால் வகுப்பேன்,
x மறை மூன்றைவிடப் பெரிது என்று
அழகான கையெழுத்தில் எழுதி
இரட்டைக் கோடும் போடுவேன்.

பிழை.
குறியைத் திருப்ப வேண்டுமாம்.
ஏன் என்று புத்தகத்தில் இல்லை.
பெட்டிக்குள் ஒரு வரி மட்டும்:
மறை எண்ணால் பெருக்கினாலும் வகுத்தாலும்
சமனிலியின் குறி மாறும்.
மறை என்றால் வேதம் என்றும் பொருளுண்டே,
கேள்வி கேட்காமல் ஓதினேன்.
கேள்வித்தாளைக் கண்டதும் மறந்தேன்.

ஜன்னலில் பனி. துடைத்தேன்.
காற்றில்லாத காலை.
அக்கரையில் இரண்டு டர்பன்டைன் மரங்கள்,
ஒன்று நெட்டை,
மற்றது அதன் தோள்மட்டம்.
தண்ணீரிலும் அதே இரண்டும், தலைகீழாய்.
நெட்டையின் நுனி
எங்கேயோ ஆழத்துக்குப் போயிருந்தது.
குட்டையின் நுனி
அதற்கு மேலே நின்றது,
ஒன்றும் செய்யாமலே ஜெயித்த மாதிரி.

மேலே ஐந்து மூன்றைவிட உயரம்.
கீழே மறை ஐந்து மறை மூன்றைவிடத் தாழ்வு.
குறியை யாரும் திருப்பவில்லை.
தண்ணீர் தொடங்கும் கோடு பூச்சியம்,
அவ்வளவுதான்.

அடச்சீ, இதைத்தானே
போன பத்தாந்தேதி பார்த்தோம்,
நானும் குணசுந்தரியும்,
சம்பளத் துண்டு இரண்டையும் மலையிலேயே விரித்துவைத்து.
அவள் இருபத்துமூன்று கிலோ ஆள்.
எனக்குப் பதினேழுக்கே விரல் வெடித்துவிடும்.
தராசடியில் அவள்தான் பெரிது.
கடைக் கொப்பியிலும் அவள்தான் பெரிது:
அவள் பேரில் நாற்பத்திரண்டாயிரம்,
என் பேரில் முப்பத்தோராயிரம்.
பெரிது என்பதால்தான்
என்னைவிடக் கீழே கிடந்தாள்.
"கூட எடுக்கிறவளுக்கு எப்படிடி கொறையுது?"
எனக்குச் சொல்லத் தெரியவில்லை.
துண்டைச் சுருட்டி மடியில் செருகிக்கொண்டோம்.

வேலைநிறுத்தம் நடந்த பதினொரு நாளும்
எங்களைப் பூச்சியத்தால் பெருக்கினார்கள்.
அந்தப் பதினொரு நாள் மட்டும்
தோட்டத்தில் எல்லாரும் சமன்.

எல்லாரும் இறங்கித் தள்ளச் சொன்னான் கண்டக்டர்.
அனுமதி அட்டையைப் பல்லில் கடித்துக்கொண்டு
நானும் தள்ளினேன்.
இருமிக்கொண்டு எழுந்தது பஸ்.

மண்டபத்தில் மண்ணெண்ணெய் வாடை,
ஆடும் மேசை, காலுக்கு மடித்துவைத்த கடதாசி.
நான்காவது வினா.
ஏழு கழித்தல் மூன்று x
பத்தொன்பதுக்குக் குறைவு அல்லது சமன்.
ஓரத்தில் பென்சிலால் ஒரு தண்ணீர்க் கோடு போட்டேன்,
மேலே ஒரு மரம், கீழே அதன் தலை.
மேற்பார்வையாளர் குனிந்து பார்த்துவிட்டுப் போனார்,
பைத்தியம் என்று நினைத்திருப்பார்.
மறை மூன்றால் வகுத்தேன்.
குறி தானாகத் திரும்பிப் படுத்தது.

x மறை நான்குக்குப் பெரிது அல்லது சமன்.
நம்பாமல் பூச்சியத்தைப் போட்டுப் பார்த்தேன். பொருந்தியது.
மறை ஐந்தைப் போட்டேன். பொருந்தவில்லை.
பொருந்தாததுதான் கூடுதல் சந்தோஷம்.

எண்கோட்டில் மறை நான்கின் மேல்
அழுத்தி ஒரு புள்ளி.
அங்கிருந்து வலப்பக்கம் அம்பு.
கடனுக்குள்ளேயே தொடங்கி
பூச்சியத்தைத் தாண்டிப் போனது,
தாள் முடியும்வரை.

மணி பத்து.
முதல் நிறுவை முடிந்திருக்கும்.
தண்ணீருக்கென்று குணசுந்தரியின் கொழுந்தில்
இரண்டு கிலோ கழித்திருப்பார்கள்.

காலையில் மழையே இல்லை.