நீடாமங்கலம் கேட்

கேட் போட்டு அரைமணி.
நெல் வேகன்களுக்கு எஞ்சின் மாற்றுகிறார்கள்.
கார்க் கண்ணாடி இறங்கியதும்
வெள்ளரிப்பிஞ்சு நீட்டியவள் கையை இழுத்துக்கொள்கிறாள்:
"மருமகளுக்கு விஷம் வச்சவதானே நீ?"

பக்கத்துப் பேருந்தில் ஒருத்தி கண் துடைக்கிறாள்,
பிரசவத்தில் நான் செத்ததற்கு,
இருபத்தெட்டு வருஷம் கழித்து.
புல்லட்காரர் "ஜட்ஜம்மா" என்று சல்யூட் அடிக்கிறார்.
அதில் எனக்கு ஒரே வசனம்: ஆர்டர், ஆர்டர்.

கதாநாயகனைவிட நாலு வயது இளையவள் நான்.
அவனை மூன்று படத்தில் பெற்றிருக்கிறேன்.

பெயர்தான் யாருக்கும் வரவில்லை.
நாக்கு நுனியில் நிற்கிறதாம்.
பங்கயவல்லி என்று சொல்ல வாயெடுக்கிறேன்,
ரயில் ஊதுகிறது.

கேட்டைத் தூக்கியதும்
எல்லா ஹாரனும் ஒரே நேரத்தில்.
வெள்ளரிக்காரி கூடவே ஓடிவந்து
மடியில் இரண்டு பிஞ்சைப் போடுகிறாள்,
மிளகாய்த்தூள் தூக்கலாய்.
"காசு வேணாம் போ.
அந்த மருமகளும் லேசுப்பட்டவ இல்ல."