நான்கு வரிக்குள் எழுதவும்

மாகாண விளையாட்டுத் திணைக்களம்
அனுப்பிய படிவத்தில்
என் எடைப் பிரிவைக் கேட்டிருக்கிறார்கள்.
பொருந்தாது என்று எழுதினேன்.
உயரம், காலணி அளவு,
கடைசியாக ஏற்பட்ட உடற்காயம்.
பொருந்தாது. பொருந்தாது.
ஐந்து மணிநேரம் கதிரையில் இருந்த முதுகை
எந்த வைத்தியர் உறுதிப்படுத்துவார்?

விளையாட்டு: சதுரங்கம்.
பெயர்: தயாபரி குலவீரசிங்கம்.
முகவரி: உவர்மலை, திருகோணமலை.
சாதனைகள்: நான்கு வரிக்குள்,
சான்றிதழ் இணைக்கவும்.

தொண்ணூற்றாறு, மாகாணத்தில் இரண்டாமிடம்.
இரண்டாயிரத்து மூன்று, தேசிய மட்டத்தில் ஏழாமிடம்.
சர்வதேசத் தரப்பட்டியலில் ஆயிரத்து எண்ணூற்றுப் பதினான்கு.
அந்த எண் இன்னும் அங்கேதான் கிடக்கிறது,
பக்கத்தில் ஒரு சின்ன எழுத்தோடு:
இவர் இப்போது ஆடுவதில்லை.
மூன்று வரி முடிந்தது.

தொண்ணூற்றெட்டில் ஏறிய இரவு பஸ்ஸை
எந்த வரியில் போடுவது?
கந்தளாய்ச் சோதனைச் சாவடியில்
என் பைக்குள் ஏதோ டிக் டிக் என்றது.
எல்லாரையும் இறக்கினார்கள்.
மரப்பெட்டி, இரண்டு முகம், மேலே இரண்டு பொத்தான்.
ஏன் இரண்டு மணிக்கூடு என்றான் சிப்பாய்.
எனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னேன்:
ஒன்று எனக்கு, ஒன்று எதிரே இருப்பவளுக்கு.
என்னுடையது ஓடினால் அவளுடையது நிற்கும்.
எதிரே யார் என்று கேட்டான்.
இன்னும் தெரியாது, கொழும்பில்தான் சொல்வார்கள் என்றேன்.
அது அவனுக்குப் பிடிக்கவில்லை.
தூரத்து மண்மூட்டைமேல் கொண்டுபோய் வைத்துவிட்டு
ஓடிவந்து காதைப் பொத்திக்கொண்டான்.
ஒன்றும் நடக்கவில்லை.
விடியும்வரை எல்லாரும் அதையே பார்த்துக்கொண்டு நின்றோம்,
யாருடைய நேரம் ஓடுகிறது என்று தெரியாமல்.
கொழும்பில் முதல் சுற்றை
நான் வந்துசேர முன்பே தோற்றிருந்தேன்.

பிறகு, கிண்ணியா ரிஸ்மியா.
ஓடத்தை அங்கே பாதை என்பார்கள்.
கடைசிப் பாதை ஆறு மணிக்கு.
ஐந்து மணிக்கே அவள் பலகையை விட்டு
யன்னலைப் பார்க்கத் தொடங்குவாள்.
நான் கையை நீட்டுவேன். சமநிலை.
பதினொரு வருடத்தில் இருபத்தேழு சமநிலை.
அதில் ஒன்பதில் நான் வென்றுகொண்டிருந்தேன்.
அவளைக் கேட்டால் நாலு என்பாள்.
பாலம் திறந்த வருடம்
இரவு ஒன்பதே முக்கால்வரை அசையாமல் இருந்து
என் அரசனை மூலைக்குத் தள்ளினாள்.
வீட்டுக்குப் போகும் அவசரம் இல்லாத ரிஸ்மியாவை
அன்றைக்குத்தான் முதல்முதல் சந்தித்தேன்.

அடுத்த சனிக்கிழமை,
டச்சுக்குடாப் பக்கத்து மண்டபத்தில்,
பத்தொன்பதாவது நகர்வில் ராணியைக் கொடுத்தேன்.
இருபது நிமிடம் அவள் தொடவில்லை.
ராணியைத் தாண்டி ராணிக்குப் பின்னால்
எதையோ தேடினாள். கிடைக்கவில்லை.
எடுத்தாள்.
முப்பத்தொன்றில், இரண்டு குதிரையும்
யாரும் கணக்கில் எடுக்காத ஒரு காலாளும்
அலுவலை முடித்தன.

எழுதிய தாள்களை யன்னல் கட்டில் வைத்துவிட்டுத்
தேத்தண்ணி குடிக்கப் போனோம்.
திரும்பி வந்தால்
கோட்டைப் பக்கத்து மான் ஒன்று
வெளியிலிருந்து கழுத்தை நீட்டி
சாவகாசமாக மென்றுகொண்டிருந்தது.
அவளுடைய தாள், என்னுடைய தாள், இரண்டும்.
கார்பனை மட்டும் துப்பியிருந்தது.
வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன்:
மூன்று மாதத்து ஆட்டங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக,
எல்லாக் குதிரைகளும் ஒரே கட்டத்தில்.
ரிஸ்மியா சிரித்த சிரிப்பில்
மான் பயந்து ஓடியது.

எனவே ஐயா,
நான்காவது வரிக்கு இணைக்க
என்னிடம் ஒன்றும் இல்லை.
நடுவர் கனடா போய்விட்டார்.
ரிஸ்மியாவைக் கேளுங்கள்.
முதல் நகர்விலிருந்து ஒப்புவிப்பாள்,
எங்கே பிழைவிட்டாள் என்பது உட்பட.
அவள் இலக்கத்தைப் பின்பக்கத்தில் எழுதியிருக்கிறேன்.
ஆறு மணிக்குப் பிறகு எடுங்கள்.