பாளம்

மன்னார்குடி பந்தலடியில்
கல்யாணப் பத்திரிகையும் கண்ணீர் அஞ்சலியும்
ஒரே கீபோர்டில் அடிக்கிறவன் நான்.
பக்கத்துக்கு எட்டு ரூபாய்.
நீலாயதாட்சி அம்மாளின் ஐந்து நாவல்களும்
இந்த விரல்கள் வழியாகத்தான் போயின.

முதல் தடவை அவர் கொண்டுவந்தது
கூட்டுறவு சங்கத்தில் கழித்துப்போட்ட கடன் லெட்ஜர்.
முன்பக்கத்தில் யாரோ வாங்கிய உரக்கடன்,
வட்டி, தவணை தவறிய தேதி.
பின்பக்கத்தில் அதே ஆள்
பெயர் மாறி, மீசை வைத்துக்கொண்டு
கோரையாற்றுக் கரையில்
யாருக்கோ காத்து நின்றான்.

சென்னைப் பதிப்பாளர் கடிதம் போட்டார்:
'பல சொற்கள் எங்களுக்குப் புரியவில்லை,
பின்னால் ஒரு பட்டியல் தேவை.'
அம்மாள் எழுதினார்.
'கடைமடை'க்கு மட்டும் ஒன்பது பக்கம்.
அதற்குள் இரண்டு சாவு,
மதகுக்கு ஒரு கள்ளச்சாவி,
ராத்திரியில் ஷட்டரைத் திருகினவனுக்காக
அவன் பெண்டாட்டி போலீசில் சொன்ன பொய்.
பதிப்பாளர் நாவலைத் திருப்பி அனுப்பிவிட்டுப்
பட்டியலை அச்சடித்தார்.
முந்நூறு பிரதி.
இருநூற்றுப் பத்து அவர் வீட்டுக் கட்டிலுக்கடியில்.

'பன்னிரண்டு கிலோமீட்டருக்கு வெளியே
இவருக்கு உலகமே இல்லை'
என்று ஒரு விமர்சகர்.
அம்மாள் பையைத் துழாவி
டவுன் பஸ் டிக்கெட்டை எடுத்துப் பார்த்து
'பதினாலு' என்றார்.

அந்தப் பையில் எப்போதும் ஒரு அமெரிக்க நாவல் கிடக்கும்.
தஞ்சாவூரில் எடைக்கு வாங்கியது.
அட்டை இல்லை, முதல் ஃபாரம் இல்லை.
'எழுதினது ஆணா பொண்ணா, தெரியாது.
ஆனா அந்த ஊர்ச் சோளத்துல
எந்த மாசம் பூச்சி விழும்னு தெரியும்.'

மூன்றாவது நாவலில்தான் நான் தப்பு செய்தேன்.
'வாய்க்காலுக்குக் குறுக்கே ஒரு பாளம்'
என்று எழுதியிருந்தார், தரை வெடித்ததை.
நான் 'பாலம்' என்று அடித்துவிட்டேன்.
புரூஃபில் பார்த்தார்.
சிவப்புப் பேனாவைத் திறந்தார், மூடினார்.
'இருக்கட்டும். ஜனங்க போகட்டும் வரட்டும்.'
நான்காவதில் அதன் மேல்
ஒரு டிராக்டர் பழுதாகி நின்றது.
ஐந்தாவதில் கைப்பிடிச் சுவருக்கு
வெள்ளையடிக்க டெண்டர் விட்டார்கள்.

மேட்டூர் திறந்த சேதி மறுநாளே பேப்பரில் வந்துவிடும்,
தண்ணீர் வர இருபது நாளாகும் எங்களுக்கு.
விருதும் அப்படித்தான் வந்தது,
கண்ணில் புரை முற்றிய பிறகு.
பாராட்டுப் பத்திரத்தைக் கடைக்கு எடுத்துவந்து
வாசிக்கச் சொன்னார்.
வாசித்தேன்.
'எத்தனை பிழை?'
மூன்று என்றேன்.
'ஒண்ணாவது தேறுமா?'

போன ஐப்பசியில்
அஞ்சலி நோட்டீசுக்கு மகன் எழுதித் தந்தது:
'ஓய்வுபெற்ற செயலாளர்,
தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம்.'
அதற்குக் கீழே
இன்னும் ஒரு வரிக்கு இடமிருந்தது.
எழுதித் தந்ததை அடிப்பவன் நான்.
அடித்தேன், காசும் வாங்கிக்கொண்டேன்.
அன்று ராத்திரி சோறு இறங்கவில்லை.

நேற்று திருச்சியிலிருந்து ஒரு பையன்,
ஆராய்ச்சி மாணவனாம்.
நாவலில் அடிக்கோடு போட்டுக் கொண்டுவந்து
'இந்தப் பாலம் எங்கே இருக்கு சார்?' என்றான்.
கடையைப் பூட்டிவிட்டு
வண்டியில் ஏற்றிப் போனேன்.
வழியில் இரண்டு முறை சொல்ல வாயெடுத்தேன்.
மே மாத வாய்க்கால்.
சொட்டுத் தண்ணீர் இல்லை.
இறங்கி அக்கரைக்கு நடந்தோம்,
அவன் முன்னால், நான் பின்னால்.
காலடியில் மண்
பாளம் பாளமாய்.