மான் எட்டாத உயரம்

பசை காயமுன்னம் திரும்பிவிட்டேன்.
என் பக்கப் பிழை அது ஒன்றுதான்.

திருக்கடலூர், மூன்றாம் ஒழுங்கை.
ஞானரூபியின் கேற்றில் அறிவித்தல் ஒட்டியது
பங்குனி பதினெட்டு, காலை ஒன்பதே கால்.
கோதுமைமாப் பசை. சபையில் வேறு இல்லை.
ஒன்பதரைக்கு ஒரு புள்ளிமான் வந்து
‘இத்தால் அறியத்தருவது’ தொடங்கிச்
செயலாளரின் ஒப்பம் மட்டும்
மென்று விழுங்கிவிட்டு
பஸ் நிலையப் பக்கம் போயிற்றாம்.

கண்டவர் சோதிநாதன்.
முறைப்பாடு கொடுத்தவரும் அவர்தான்.
கூண்டில் ஏற்றிக் கேட்டபோது
மானை மறைக்கத் தெரியவில்லை அவருக்கு.
‘ஆண் மான், ஐயா. ஒரு கொம்பு முறிஞ்சது’ என்றார்.
சபைச் சட்டத்தரணி கண்ணை மூடிக்கொண்டார்.

வழக்கு ஒரு படிக்கட்டைப் பற்றியது.
கொங்கிறீற். பத்தொன்பது படி.
ஒழுங்கைக்குள் மூன்றடி இரண்டங்குலம்.
மேலே வீடில்லை,
நாலுபேர் நெருக்கி நிற்க ஒரு தட்டு,
பிறகு வானம்.
வரைபடம் எங்கே, அனுமதி எங்கே என்று
முதலில் கேட்டவன் நான்.
ரேப்பின் மறுமுனையைப் பிடித்துத் தந்தவள் ஞானரூபி.
‘வடிவா இழுங்கோ தம்பி, தொய்யுது’ என்றாள்.

சோதிநாதனிலும் பிழை சொல்ல ஏலாது.
ஓட்டோ இப்போது உள்ளே திரும்பாது.
செவ்வாயும் வெள்ளியும் இரத்தம் மாற்ற
மனைவியைப் பிளாஸ்ரிக் கதிரையில் இருத்தி
முடக்கு மட்டும் தூக்கி வருகிறார்,
ஒரு பக்கம் அவர்,
மறுபக்கம், யார் அகப்படுகிறார்களோ அவர்.
சில நாட்களில் அது ஞானரூபி.
இரண்டு பேரும் அப்போது பேசிக்கொள்வதில்லை.
வழக்கு நடக்கிறதே.

‘நோக்கம் என்ன?’ நீதவான் கேட்டார்.
‘எதிர்கால மேல்மாடி, வாடகை வருமானம்’
என்றது சத்தியக்கடதாசி.
‘ஐயா, அந்த ஞாயிற்றுக்கிழமை...’
என்று அவள் தொடங்கினாள்.
‘ஏற ஒரு இடம்...’
அவளுடைய சட்டத்தரணி
பேனையால் மேசையில் ஒருதரம் தட்டினார்.
மொழிபெயர்ப்பாளர் வாயைத் திறந்தபடி காத்திருந்தார்.
மிச்சம் வரவில்லை.
தட்டச்சுக்காரி அந்த வரியை விட்டுவிட்டாள்.

இடிப்புக் கட்டளை.
பிறகு மாகாண மேல் நீதிமன்றம், மீளாய்வு மனு,
ஒன்பது தவணை, இரண்டு நீதிபதி மாற்றம்,
ஒருநாள் மின்சாரம் இல்லை,
ஒருநாள் கோவையே இல்லை.
முடிவில் பதினொரு பக்கம்.
‘விலங்கொன்றினால் அகற்றப்பட்டதாகக் கூறப்படும்
அறிவித்தல்’ இரண்டு பந்தி.
படிக்கட்டு ஒன்றரை வரி.
சோதிநாதனின் மனைவி, அடிக்குறிப்பு.
கடல் என்ற சொல்லைத் தேடிப் பார்த்தேன்,
எல்லை விபரத்தில் இருந்தது:
‘கிழக்கே கடற்கரை வீதி’.
கட்டளை தள்ளுபடி.
மீண்டும் ஒட்டுக,
முறைப்படி, நிலைத்து நிற்கும் விதமாய்.

நிலைத்து நிற்கும் விதம் என்றால்
மான் எட்டாத உயரம்.
அந்த ஒழுங்கையில் அப்படி ஒரு உயரம்
ஒன்றே ஒன்றுதான்.

பசைச் சட்டியோடு ஏறினேன்.
நடுப்படியில் சில்லறை மீன் செதில்,
அதற்கு மேலே ஒரு பிள்ளையின் ஒற்றைச் செருப்பு.
பத்தொன்பதாவதில் நின்று
கூரைகளுக்கு மேலாலே பார்த்தால்
கிழக்கு முழுக்க அதுதான்.
இவ்வளவு கிட்டவோ?
ஒழுங்கையில் ஐந்து வருடம் அளந்திருக்கிறேன்,
தகரமும் மதிலும்தான் கண்டது.

கடதாசியை ஒட்டி, நாலு மூலையும் அழுத்தி,
இந்த முறை காயும் மட்டும் நின்றேன்.
கீழே கதிரையோடு சோதிநாதன்.
மனைவி அதில். வெயில் படாமல்
தலையில் ஒரு துவாய்.
மறுபக்கம் பிடிக்க ஆளைப் பார்த்துக்கொண்டிருந்தவர்
நிமிர்ந்தார்.

‘அதில நிண்டால் கடல் தெரியுதோ?’
‘தெரியுது.’
‘எவ்வளவு தூரம் வரும்?’

என் சட்டைப்பையில் இருந்தது
முப்பது மீற்றர் ரேப்.
‘பொறுங்கோ, இறங்கி வாறன்’ என்றேன்,
கதிரையின் மறுபக்கத்துக்கு.